எட்டடி மாமன்

1

தங்கை சரோஜா வாட்ஸ்அப்பில் அனுப்பிய படத்தில், தேவாலாவுக்கும் நாடுகாணிக்கும் இடையில் உள்ள ஒரு முச்சந்தியில் நான் கும்பிட்டபடி நின்றிருந்தேன். அந்த நேரத்தில் நான் அடிலெய்டில், வேலை பார்க்கும் அச்சகத்தின் சாப்பாட்டு அறையில், மைக்ரோவேவில் சூடாக்கிய ரசம் சாதத்தின் முன்னால் உட்கார்ந்திருந்தேன்.

படத்தில் இருந்தது ஒரு பிளெக்ஸ் பேனர். கோயம்புத்தூரில் ஒரு நாளிதழில் பல வருடம் பக்கம் திருத்தியவன் நான். இப்போது பிஸ்கட் பெட்டிகளில் 'வேர்க்கடலை கலந்திருக்கலாம்' என்ற வரி விட்டுப்போயிருக்கிறதா என்று பார்க்கிறேன். ஊர் மாறினாலும் கண் மாறவில்லை. எதைப் பார்த்தாலும் முதலில் பிழையைத்தான் தேடும்.

பேனரின் இடது பாதியில் சரோஜாவின் மகள் நிவேதா. தலையில் கிரீடம், பின்னால் எந்த மலையிலும் இல்லாத ஓர் அருவி, காலடியில் இரண்டு அன்னங்கள். வலது பாதியில் கறுப்புக் கோட்டு போட்டு நான் சிரிக்கிறேன். நடுவில் 'பூப்புனித நீராட்டு விழா'. அதன் கீழே 'தாய்மாமன் சீர், ஆஸ்திரேலியாவிலிருந்து'. அடியில் வட்டம் வட்டமாகக் கறுப்புக் கண்ணாடி போட்ட உள்ளூர் இளைஞர்களின் முகங்கள். எழுத்துப்பிழை ஒன்றுகூட இல்லை. அதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

பிழை என் கைகளில் இருந்தது. அந்தப் படம் போன வருடம் அச்சகத்தின் ஆண்டிறுதி விருந்தில் எடுத்தது. அப்போது என் கையில் பியர் கோப்பை இருந்தது. கோப்பையோடு கைகளையும் வெட்டி எடுத்துவிட்டு, வேறு யாரோ ஒருவருடைய கும்பிட்ட கைகளை ஒட்டியிருந்தார்கள். மணிக்கட்டில் கறுப்புக் கோட்டு முடிந்து வெள்ளைச் சட்டை தொடங்கியது. விரலில் சிவப்புக் கல் மோதிரம். உள்ளாட்சித் தேர்தலில் நின்ற ஏதோ ஒரு வேட்பாளரின் கைகளாக இருக்க வேண்டும். அவ்வளவு பணிவு எனக்கு வராது.

பேனருக்குப் பின்னால், மங்கலாக, 'பிளாஸ்டிக்கைத் தவிர்ப்போம்' என்ற மஞ்சள் பலகை தெரிந்தது. மலையேறி வருகிறவர்களின் தண்ணீர் பாட்டிலைச் சோதனைச் சாவடியில் வாங்கி வைத்துக்கொள்கிறார்கள். பாட்டிலைக் கொடுத்துவிட்டுக் கொஞ்ச தூரம் வந்தால், எட்டடி உயரப் பிளாஸ்டிக்கில் நான் வரவேற்கிறேன்.

படத்தின் கீழே சரோஜா ஒரே ஒரு வரி எழுதியிருந்தாள்: "நீ வரலைன்னா என்ன, வந்துட்ட."

அந்த விழா வேண்டாம், நான் வரமாட்டேன் என்று அவளிடம் சொல்லி மூன்று வாரம்தான் ஆகியிருந்தது.

2

நிவேதா வயதுக்கு வந்தது எட்டாம் வகுப்பில். அன்றைக்குச் செய்ய வேண்டியதை வீட்டோடு செய்து முடித்துவிட்டார்கள். ஊரைக் கூட்டி, தாய்மாமன் தட்டு வரிசையோடு வந்து, புடவை கொடுத்து, மாலை போடும் பெரிய விழா மட்டும் எனக்காக நின்றது. சரோஜாவுக்கு நான் ஒரே அண்ணன். அண்ணன் வரட்டும் என்றாள்.

அப்போது நான் போகாததற்குக் காரணம், நான் பிறந்த ஊர். இலங்கை மலையகத்தில் ஒரு தேயிலைத் தோட்டத்தில் பிறந்தேன். பள்ளிக்கூடம் போகும் வயதுக்கு முன்பே பெற்றோருடன் கப்பலேறி, கூடலூர்ப் பக்கம் அரசுத் தேயிலைத் தோட்டத்தில் குடியமர்த்தப்பட்டேன். சரோஜா இங்கே வந்தபின் பிறந்தவள். அவளுக்கு அந்தச் சிக்கல் இல்லை. எனக்கு ஒரு தாளில் பிறந்த இடம் நுவரெலியா. இன்னொன்றில் கண்டி. மூன்றாவதில் வெறும் 'சிலோன்'. இந்தியப் பாஸ்போர்ட்டைப் புதுப்பிக்கப் போனபோது இந்த மூன்றும் ஒன்றோடொன்று பேச மறுத்தன. பாஸ்போர்ட் இல்லாமல், ஆஸ்திரேலியாவுக்குத் திரும்பி வரும் அனுமதி கிடைக்காது. இங்கே நிரந்தரமாக வாழ எனக்கு உரிமை உண்டு. வெளியே போனால் திரும்பி நுழைய மட்டும் தனி அனுமதி வேண்டும். இருக்கலாம், போகலாம், வர முடியாது. கொஞ்சம் யோசித்தால் என் பெற்றோருக்குக் கப்பலில் சொன்னதும் இதுதான்.

ஒருமுறை அடிலெய்டு விசா அலுவலகக் கவுண்டரில் இருந்த பெண் மிகவும் அன்பாகக் கேட்டாள்: உண்மையில் உங்களுக்கு எந்த ஊர்? அதைத் தெரிந்துகொள்ளத்தான் நானும் விண்ணப்பித்திருக்கிறேன் என்றேன். அவள் சிரிக்கவில்லை. என் உச்சரிப்பில்தான் ஏதோ கோளாறு என்று நினைத்து, மெதுவாகத் திரும்பச் சொல்லச் சொன்னாள். சொன்ன நகைச்சுவையை மெதுவாகத் திரும்பச் சொல்வதிலேயே வெளிநாட்டு வாழ்க்கையில் பாதி கழிந்துவிடுகிறது.

இரண்டு கோடையில் இரண்டு முறை நாள் குறித்தார்கள். இரண்டும் என்னால் தள்ளிப்போயின. ஒருவழியாகத் தாள்கள் சேர்ந்து வந்தபோது நிவேதா பன்னிரண்டாம் வகுப்புக்குப் போகிறவள். கூடலூர் பள்ளிக்கூடத்துக்குப் பேருந்தில் போய்வருகிறாள். மாவட்ட அளவில் பேச்சுப் போட்டியில் பரிசு வாங்கியிருக்கிறாள். அவள் வயதுக்கு வந்த செய்தி அவளுக்கே பழையதாகிவிட்டது. ஆனால் சரோஜா மண்டபம் பேசிவிட்டாள். நானும் அச்சகத்தில் விடுப்புச் சொல்லிவிட்டேன்.

3

அப்போதுதான் நிவேதா கூப்பிட்டாள். அவளாக என்னைக் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

"மாமா, பக்கத்துல யாராச்சும் இருக்காங்களா?"

"இல்லம்மா, சொல்லு."

"எனக்கு இந்த ஃபங்ஷன் வேண்டாம்."

"அம்மாகிட்ட சொன்னியா?"

"சொன்னேன். 'ஒனக்காடி பண்றோம், ஊருக்குத்தானே பண்றோம்'ங்குது. அப்போ ஊரையே உக்கார வெச்சு மாலை போடுங்கன்னேன். கரண்டிய எடுத்துட்டு வந்துருச்சு."

நான் சிரித்தேன். மறுமுனையில் சிரிப்பு இல்லை.

"பேனர் வைக்கறாங்க மாமா. பஸ் நிக்கிற முக்குலயே. அந்த பஸ்லதான் என் கிளாஸ் பசங்க பூரா வர்றாங்க. மே மாசமும் எங்களுக்கு ஸ்பெஷல் கிளாஸ் இருக்கு. எப்பவோ ஆனதை இப்ப போர்டு வெச்சுச் சொல்லணுமா? போன வருஷம் ஒரு அக்காவுக்கு வெச்சாங்க. ஸ்கூல் முடியற வரைக்கும் பசங்க அந்த அக்காவ பேர் சொல்லிக் கூப்பிடவே இல்ல. 'அன்னம்'னுதான் கூப்பிட்டாங்க. பேனர்ல அன்னம் இருந்துச்சுல்ல, அதான்."

"அப்பா என்ன சொல்றாரு?"

"அப்பா டிரோன் புக் பண்ணிட்டாரு."

பிறகு அவள், பேச்சுப் போட்டியில் முடிவுரைக்கு வருகிற மாதிரி, குரலைச் சரிசெய்துகொண்டு சொன்னாள்:

"நீங்க வேண்டாம்னு சொன்னா நடக்காது மாமா. தாய்மாமன் இல்லாம சீர் கெடையாதுன்னு அம்மாதான் இவ்வளவு நாளா நிறுத்தி வெச்சிருக்கு. நான் புதுசா ஒண்ணும் கேக்கல. அவங்க ரூல்ஸத்தான் கேக்கறேன். நீங்க வராதீங்க."

முறையை வெளியிலிருந்து எதிர்க்க அவளிடம் எதுவும் இல்லை. உள்ளேயே ஒரு பூட்டு இருக்கிறது, சாவி என்னிடம் இருக்கிறது என்று கண்டுபிடித்திருந்தாள். தலையங்கம் எழுதுகிறவர்களுக்குக்கூட இவ்வளவு தெளிவு வருவது அபூர்வம்.

"சரிம்மா. நான் வரல."

"பிராமிஸ்?"

"பிராமிஸ்."

மறுநாள் விடுப்பை ரத்து செய்தேன்.

4

சரோஜா நான் சொன்னதை முழுவதும் கேட்டாள். அதுவே நல்ல அறிகுறி இல்லை என்று எனக்குத் தோன்றியிருக்க வேண்டும்.

"லீவு கெடைக்கலியா?"

"லீவு இருக்கு. பிள்ளைக்கு இஷ்டமில்ல சரோ. விட்டுடு."

"ஆஸ்திரேலியாவுக்கே போன் போட்டுட்டாளா? பரவால்ல, போன் வாங்கிக் குடுத்ததுக்குப் பிரயோஜனம்."

"அவ கேக்கறதுல என்ன தப்பு?"

"தப்பில்ல. ஒனக்கும் தப்பில்ல. எல்லாருக்கும் நாயம் இருக்கு. எனக்கு மட்டும் பாஸ்போர்ட் சைஸ் மாமன் நின்னான். ஞாபகம் இருக்குதானே ஒனக்கு?"

இருந்தது. எங்கள் அம்மாவின் தம்பி இலங்கையிலேயே நின்றுவிட்டவர். இரண்டு அரசாங்கங்கள் உட்கார்ந்து ஆட்களைப் பங்கு பிரித்தபோது அம்மா இந்தியப் பங்கில் விழுந்தாள், தம்பி இலங்கைப் பங்கில். சரோஜாவுக்கு விழா வைத்தபோது அவருக்கு விசா கிடைக்கவில்லை. அவரால் அனுப்ப முடிந்தது, விசாவுக்காக எடுத்த புகைப்படத்தில் மிஞ்சிய ஒரு பிரதி மட்டும். அடுத்த லயத்து வீட்டு வரிசையில் இருந்த ராமையா மாமன் இடத்தில் நின்று மாலை போட்டார். அவர் பக்கத்தில் ஒரு பித்தளைத் தட்டில், வெற்றிலையின்மேல், அந்தச் சிறிய கறுப்பு வெள்ளை முகத்தை வைத்தார்கள். காற்றில் பறக்காமல் இருக்க அதன்மேல் ஒரு எலுமிச்சம்பழத்தையும் வைத்தார்கள். பழத்துக்கு வெளியே ஒரு காதும் நெற்றியும் தெரிந்தன. வந்தவர்கள் குனிந்து பார்த்துச் சிரித்தார்கள்.

கல்யாணமான பிறகு, சண்டை வரும்போதெல்லாம் சரோஜாவின் மாமியார் கையில் எடுத்தது அந்த எலுமிச்சம்பழத்தைத்தான். 'மாமன் இல்லாத வீட்டுல பொண்ணு எடுத்தோம்' என்பார். அம்மாவுக்குத் தம்பி இருந்தார். எனக்குத் தங்கை இருந்தாள். ஆனாலும் அது மாமன் இல்லாத வீடு.

"அன்னிக்கி மாமன் வராததுக்கு கவர்மெண்டு காரணம்," என்றாள் சரோஜா. "இன்னிக்கி நீ வராததுக்கு நீயேதான் காரணம். அந்தக் கெழவி இன்னும் உசுரோடதான் இருக்கு. முன் வரிசையில நாற்காலி போட்டு உக்கார வெச்சு, பாருங்க அத்தை, எம் மகளுக்கு மாமன் வந்திருக்கான்னு காட்டணும்னு நெனச்சேன். அவ்வளவுதான்."

"அதுக்கு அவளை மேடையில ஏத்தணுமா?"

"மேடையில ஏறாம எவ வாயை அடைக்க முடியும்?"

அவள் ஒரு பெருமூச்சு விட்டு, "சரி. மாமன் இல்லைன்னா சீர் இல்ல. முறைன்னா முறைதான்," என்று போனை வைத்தாள்.

நம்பினேன். ஒரு தரப்பு சொன்னதை இன்னொரு இடத்தில் உறுதி செய்துகொள்ளாமல் நம்பினால் செய்தியறையில் திட்டு விழும். வீட்டு விஷயத்தில் அந்தப் பயிற்சி வேலை செய்யவில்லை.

மூன்று வாரம் கழித்துத்தான் சாப்பாட்டு அறையில் அந்தப் படம் வந்தது. சரோஜா போனை எடுக்கவில்லை. அவள் கணவன் செல்வத்தைக் கூப்பிட்டேன். செல்வம் ஜீப் ஓட்டுகிறவர், யாரிடமும் கோபப்படத் தெரியாதவர்.

"மாப்பிள்ளை, என்ன இது?"

"மச்சான்! நல்லா வந்திருக்குல்ல? மாமன் வரலைன்னு கூடலூர்ல மலையாளி பிளெக்ஸ் கடைக்காரர்கிட்ட பொலம்பினேன். 'அதுக்கெந்தா சேட்டா, கட்-அவுட் அடிச்சுத் தரேன், கல்ஃப் மாமன்மாருக்கெல்லாம் இப்ப இதுதானே'ன்னுட்டாரு. பேனர் முக்குல வெச்சாச்சு. மண்டபத்துக்கு இதே படத்தைப் பலகையில ஒட்டி, ஆள் மாதிரியே வெட்டித் தர்றாரு. எட்டடி."

"என் கை எங்கே?"

"பீர் கிளாஸ் வெச்சிருந்தீங்க மச்சான். சபைக்கு நல்லா இருக்காது பாருங்க. அவர்கிட்ட ரெடிமேடா கை இருந்துச்சு."

"நான் வேண்டாம்னு சொன்னேனே?"

"வரமாட்டேன்னு சொன்னீங்க. அதை நாங்க மதிச்சோம்ல? ஒரு வார்த்தை திட்டினோமா? நீங்க அங்கயே நிம்மதியா இருங்க மச்சான். இங்க நீங்க இருக்கீங்க."

பாரம்பரியமும் நவீனமும் கைகோர்த்து நடக்கின்றன என்று ஞாயிறு இணைப்புகளுக்கு நானே தலைப்புப் போட்டிருக்கிறேன். பொங்கல் பானையும் மடிக்கணினியும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும் படத்தை வைத்துவிட்டால் அந்த வாரம் முடிந்துவிடும். கைகோர்த்துத்தான் நடக்கின்றன, அது பொய்யில்லை. ஆனால் நான் இப்போது வேறொன்றைப் பார்க்கிறேன். பழைய முறையில் ஒரு பலவீனம் இருந்தது. அதற்கு ஆள் வேண்டும். ஆள் கோபித்துக்கொண்டு போனால், மறுத்தால், விசா இல்லாமல் மாட்டிக்கொண்டால், முறை கொஞ்சம் தடுமாறும். அந்தத் தடுமாற்றத்தில் ஒரு பெண் தப்பித்துக்கொள்ளவும் இடம் கிடைக்கும். அந்தப் பலவீனத்தைத்தான் சரிசெய்துவிட்டார்கள்.

5

என் மகன் ஆதவனுக்குப் பதினைந்து வயது. பள்ளியில் அவனுக்கு 'ஆடி' என்று பெயர். தமிழ் புரியும், பேச வராது. படத்தைக் காட்டினேன். பெரிதாக்கிப் பார்த்தான். அன்னங்களை, அருவியை, கடைசியில் என்னை.

இது எதற்காக என்று ஆங்கிலத்தில் கேட்டான். சொன்னேன். என் ஆங்கிலத்தில் அந்த விழாவுக்குக் கௌரவமான சொல் எதுவும் கிடைக்கவில்லை. சொல்லச் சொல்ல அது ஒரு மருத்துவ அறிக்கை போல ஆகிக்கொண்டிருந்தது. அவன் முகம் சிவந்தது.

"அவள் சம்மதித்தாளா?" என்றான்.

இங்கே ஒவ்வொரு வருடமும் பள்ளி திறக்கும்போது ஒரு படிவம் வீட்டுக்கு வரும். உங்கள் பிள்ளையின் முகம் பள்ளியின் இணையதளத்தில் வரலாமா, வகுப்புப் படத்தில் வரலாமா, பெயர் போடலாமா என்று ஒவ்வொன்றுக்கும் தனிக் கட்டம். போன வருடம் ஆதவன், இது என் முகம், நான்தான் முடிவுசெய்வேன் என்று பேனாவை என் கையிலிருந்து வாங்கி எல்லாக் கட்டத்திலும் 'இல்லை' போட்டான். அந்த வருட வகுப்புப் படத்தில் அவன் நின்ற இடத்தில் ஓர் இடைவெளி இருக்கிறது. என் மனைவி அந்தப் படத்தை வாங்கவில்லை. ஊருக்கு அனுப்ப ஒரு நல்ல படம்கூட இல்லையே என்று வருத்தப்பட்டாள். நானும் வருத்தப்பட்டேன்.

"சம்மதிக்கவில்லை," என்றேன். "என்னை வராதே என்று சொன்னாள். நான் போகவில்லை."

"போய் நிறுத்தியிருக்கலாமே?"

"வராதே என்றுதான் கேட்டாள்."

"ஓகே," என்றான். அவனிடம் பலவகை ஓகே உண்டு. இது, பேச்சு முடிந்தது என்பதற்கான ஓகே. ஹெட்போனைத் திரும்ப மாட்டிக்கொண்டான்.

6

விழா ஞாயிற்றுக்கிழமை காலை. இங்கே மதியம். பொழுது சாய்ந்தால் அந்தப் பாதையில் யானை வரும் என்பதால் எல்லாவற்றையும் பகலிலேயே வைத்துக்கொண்டார்கள். யூடியூப் நேரலைக்கு இணைப்பு அனுப்பியிருந்தார் செல்வம். பார்க்கக்கூடாது என்று நினைத்தேன். பார்த்தேன்.

முதலில் டிரோன். தேயிலைப் பச்சைக்குமேல் வழுக்கிக்கொண்டு வந்து மண்டபத்தின் தகரக் கூரையில் நின்றது. அடுத்து செண்டை மேளம். மேளத்துக்குப் பின்னால் செல்வத்தின் ஜீப். ஜீப்பில் நான்.

நான்கு இளைஞர்கள் என்னைப் பிடித்துக்கொண்டிருந்தார்கள். எனக்குப் பின்னால் பெண்கள் தட்டு வரிசையோடு நடந்தார்கள். மண்டபத்தின் வாசல் எட்டடிக்குப் போதவில்லை. சாய்த்தார்கள். என் தலை முதலில் உள்ளே போனது. கால்கள் கொஞ்ச நேரம் வெளியே நின்றன. "மாமாவக் கவனம்டா, மொகத்துல கீறிறப் போவுது," என்று ஒரு குரல். "மாமா ஜெட்லாக்ல படுத்துட்டாருடா," என்று இன்னொன்று. சிரிப்பு.

மேடையில் என்னை நிமிர்த்தி நிறுத்தினார்கள். நிவேதாவை அன்னம் வடிவத்தில் செய்த ஒரு வண்டியில் வைத்து, புகை விட்டு, உள்ளே தள்ளிக்கொண்டு வந்தார்கள். பட்டுப்புடவை, கிரீடம். அவள் முகத்தில் ஒன்றும் இல்லை. கோபம்கூட இல்லை. அரசு அலுவலகத்தில் தன் எண் எப்போது வரும் என்று காத்திருக்கிற ஒருவரின் முகம்.

ஒரு பெண் வந்து மாலையை என் ஒட்டுக் கைகளில் தொட்டுவைத்து, எடுத்து, நிவேதாவின் கழுத்தில் போட்டார். மைக்கில் ஒருவர், "தாய்மாமன் தன் பொற்கரங்களால் மாலை சூட்டுகிறார்," என்றார். கேமரா முன் வரிசைக்குத் திரும்பியது. சரோஜாவின் மாமியார் நாற்காலியில் உட்கார்ந்து, கழுத்தை வளைத்து, என்னை அண்ணாந்து பார்த்துக்கொண்டிருந்தார். பக்கத்தில் சரோஜா. முந்தானையை வாயில் வைத்து அழுதுகொண்டிருந்தாள். அது நிஜமான அழுகை. அந்த மண்டபத்தில் நிஜமாக இருந்த சில விஷயங்களில் அதுவும் ஒன்று.

நேரலையின் ஓரத்தில் வாழ்த்துகள் ஓடிக்கொண்டிருந்தன. நான் தட்டச்சு செய்தேன்: 'நான் இதற்குச் சம்மதிக்கவில்லை. பிள்ளைக்கும் விருப்பமில்லை.'

அனுப்பினேன். உடனே இதயங்கள் வந்தன. 'வாழ்த்துகள் மாமா.' 'மிஸ் யூ அண்ணா.' 'ஆஸ்திரேலியா மாஸ்.' என் வரி மேலே ஏறி மறைந்தது. வீடியோக்காரர் பெயரை மட்டும் பார்த்திருக்க வேண்டும். மேடையில் ஏதோ சொல்லியிருக்கிறார். மைக்கில் அறிவித்தார்கள்: "தாய்மாமன் இப்ப நம்மகூட லைவ்ல இருக்காரு, எல்லாரும் ஒரு தடவை ஜோரா கைதட்டுங்க!"

தட்டினார்கள். அப்போது நிவேதா தலையைத் திருப்பிப் பலகையில் ஒட்டியிருந்த என்னை நிமிர்ந்து பார்த்தாள். நான் கேமராவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தேன்.

7

பத்து நாள் போல விட்டு நானே அவளைக் கூப்பிட்டேன். முதலில் படிப்பைப் பற்றிப் பேசினோம். மழை தொடங்கிவிட்டதா என்று கேட்டேன். தொடங்கிவிட்டது என்றாள்.

"நான் வாக்கு மீறலைம்மா. வரமாட்டேன்னு சொன்னேன், வரல."

"ஆமா மாமா. நீங்க வரல. அதான் பிரச்சினையே."

"நீதானே வராதீங்கன்னு சொன்ன?"

"சொன்னேன். ஆளில்லைன்னா நடக்காதுன்னு நெனச்சேன். இப்பிடிப் பண்ணுவாங்கன்னு எனக்குத் தெரியல. பேனர் வெச்ச அன்னிக்கு உங்களுக்குத் தெரியும்ல? கெளம்பி வந்திருக்கலாம்ல? நேர்ல வந்து, மேடையில நின்னு, மாலைய கையில வாங்கி, 'நான் போட மாட்டேன்'னு சொல்லியிருந்தா சபையே நின்னுருக்கும். தாய்மாமன் சொன்னா யாரு எதிர்த்துப் பேச முடியும்? பிளெக்ஸ் எதுக்கும் மாட்டேன்னு சொல்லாதுல்ல மாமா."

"நீ சொன்னதை அப்படியே செஞ்சேன், பாப்பா."

"எனக்கு பதினாறு வயசு மாமா," என்றாள். "உங்களுக்கு?"

வாசலில் யாரோ கூப்பிட்ட சத்தம் கேட்டது. அவள், வர்றேன்மா, என்று பதில் சொன்னாள்.

"பஸ்ல ஏதாச்சும் சொல்றாங்களா?"

"அன்னம்னு சொல்லல. புதுசா ஒரு பேரு வெச்சிருக்காங்க."

"என்ன பேரு?"

"அதெல்லாம் எதுக்கு மாமா உங்களுக்கு. வெச்சுடறேன்."

மரியாதையாகத்தான் வைத்தாள். அதற்குப் பிறகு அவள் கூப்பிடவில்லை. நான் அனுப்பும் செய்திகளுக்கு ஒரு கட்டைவிரல் வரும். ஆதவனின் ஓகே மாதிரி.

சரோஜா அப்படியில்லை. விழாவுக்குப் பிறகு என்னிடம் முன்னைவிட அன்பாக இருக்கிறாள். மாமியார் இப்போது வாயைத் திறப்பதில்லையாம். அந்த ஊரில் அதற்குப் பிறகு நடந்த ஒரு விழாவில், சவூதியில் இருக்கும் மாமனுக்கு ஒன்பதடி வைத்தார்களாம். "போட்டிதானே," என்றாள், பெருமை கலந்த சலிப்போடு. பாஸ்போர்ட் சைஸிலிருந்து எட்டடிக்கு வர எங்கள் குடும்பத்துக்கு ஒரு தலைமுறை ஆனது. ஆள் வந்து சேர இன்னும் எத்தனை தலைமுறை ஆகும் என்று நான் கேட்கவில்லை. கேட்டால் மெதுவாகத் திரும்பச் சொல்ல வேண்டியிருக்கும்.

8

கூடலூர்ப் பக்கம் மழை என்றால் என்ன என்று அதைப் பார்த்தவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. போன வாரம் சரோஜா ஒரு படமும் ஒரு குரல் பதிவும் அனுப்பினாள். அச்சகத்தின் சாப்பாட்டு அறையில்தான் அதையும் கேட்டேன். அவள் குரலுக்குப் பின்னால் தகரத்தில் மழை விழுகிற சத்தம் இருந்தது.

"அண்ணே, முக்குல இருந்த பேனர அவுத்துட்டு வந்து வெறகு மேல மூடியிருக்கோம். நல்ல கனம். தார்ப்பாய் வாங்கற வேலை மிச்சம். ஒன் மருமகதான் மூடினா. அவ பாதிய உள்ள மடிச்சுட்டு, ஒன் பாதிய மட்டும் வெளிய விட்டிருக்கா. 'ஏண்டி, மாமா மொகம் நனையுதுதானே, திருப்பிப் போடுடி'ன்னேன். 'நனையட்டும்'னு சொல்லிட்டு பஸ்ஸுக்குப் போயிட்டா. கோவிச்சுக்காத. சின்னப்புள்ளதானே."

படத்தைப் பெரிதாக்கிப் பார்த்தேன். பேனரில் நிவேதா எந்தப் பக்கமிருந்தும் தெரியவில்லை. அருவி இல்லை, அன்னம் இல்லை, கிரீடத்தின் நுனிகூட இல்லை. ஓரங்களில் கல் வைத்து நன்றாக இறுக்கியிருந்தாள். என் முகம் ஒரு கட்டையின் முடிச்சின்மேல் விழுந்து கோணலாகியிருந்தது. முச்சந்தியில் பட்ட வெயிலில் நிறம் போய், சிரிப்பு மட்டும் தெரிந்தது. கோட்டின் குழிவில் தண்ணீர் தேங்கியிருந்தது. சிவப்புக் கல் மோதிரம் போட்ட அந்தக் கைகள், வேறு படத்திலிருந்து வந்தவை என்பதாலோ என்னவோ, கொஞ்சமும் வெளுக்கவில்லை. வாசலைத் தாண்டிப் பேருந்துக்குப் போனவளைப் பார்த்து, மழையில், அப்படியே கும்பிட்டபடி இருந்தன.